செருப்பாண்டு

தமிழ்நாட்டில் சிலை வைப்பது எளிது. வைத்த சிலையைக் காப்பாற்றுவதற்குத்தான் படை வேண்டும். இந்த நூற்றாண்டின் நடுவில், மனிதர்களைக் காவல் காத்த போலீஸ்காரர்களைவிடச் சிலைகளைக் காவல் காத்தவர்கள் அதிகமாகிப் போனார்கள். ஒரு தலைமுறை ரோஜா மாலை போட்ட கழுத்துக்கு அடுத்த தலைமுறை செருப்பு மாலை போட்டது. சிலைக்குரியவரின் ரகசியம் எதுவும் புதிதாக அம்பலமாகிவிடவில்லை. அவர் செய்ததெல்லாம் ஊருக்கே தெரியும். அவருடைய வாழ்க்கை வரலாற்றில் பெருமையாக அச்சிட்டும் இருந்தது. அது தப்பு என்பது மட்டும்தான் புதுச் செய்தி.

கூண்டு போட்டுப் பார்த்தார்கள். கேமரா வைத்துப் பார்த்தார்கள். கடைசியில் ஒரு சட்டம் போட்டார்கள். இனிமேல் பொது இடத்தில் ஒருவருக்குச் சிலை வைக்க வேண்டுமானால், அடுத்த நூறு ஆண்டுகளுக்கு அவரைக் கண்டு யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள் என்று ‘வருமுன்’ சான்றிதழ் தர வேண்டும்.

வருமுன் என்பது தரமணியில் குளிரூட்டிய கட்டடம் ஒன்றில் இருந்த இயந்திரம். களிமண் பலகையில் எழுதிய சட்டங்கள், சாஸ்திரங்கள், மத ஆணைகள், தீர்ப்புகள், கல்யாண விளம்பரங்கள், அடிமை விற்ற பத்திரங்கள், மாமியார்கள் எழுதிய கடிதங்கள் என்று மனித இனம் தன்னைப் பற்றி எழுதி வைத்த அத்தனையும் அதற்கு ஊட்டப்பட்டிருந்தன. நேற்றைய புண்ணியம் எந்த வேகத்தில் இன்றைய குற்றமாகிறது என்பதை அது கற்றுக்கொண்டிருந்தது. ஓர் ஆளின் வாழ்க்கையைக் கொடுத்தால், அவருடைய மரியாதை எந்த ஆண்டில் தீர்ந்துபோகும் என்று சொல்லிவிடும். அரசாணையில் அதற்குப் பெயர் ‘மதிப்பிறக்க ஆண்டு’. டீக்கடையில் அதற்குப் பெயர் ‘செருப்பாண்டு’. டீக்கடைப் பெயர்தான் நிலைத்தது.

அறச்செம்மல் டாக்டர் மெய்கண்டநாதனின் சிலை விண்ணப்பம் போனபோது, அது வெறும் சம்பிரதாயம் என்றே எல்லோரும் நினைத்தார்கள். முன்னாள் துணைவேந்தர். மனித குலத்தின் அறங்கள் மாறிவந்த கதையைப் பதினான்கு தொகுதிகளில் எழுதியவர். பாபிலோனில் தொடங்கி, ஏதென்ஸ் வழியாகப் பாடலிபுத்திரம் வந்து, கடைசித் தொகுதியில் தன் சொந்த மேடைப் பேச்சுகளில் முடித்திருந்தார். அந்தப் பதினான்கையும் முழுதாகப் படித்தது வருமுன் ஒன்றுதான். அதனால் அதன் அறிவுத் தந்தை தாமே என்று அவர் எண்ணிக்கொண்டிருந்தார்; எண்ணியதைப் பேட்டிகளில் சொல்லிக்கொண்டும் இருந்தார். வீட்டிலும் மேடைத் தமிழ்தான். வீட்டில் நடப்பதைப் பார்த்தும் கேட்டும், பால் தீர்ந்தால் வரவழைக்கிற, விளக்கை அணைக்கிற ‘வீட்டுச்செவி’ என்ற கருவி அவர் பேசும் தமிழ் புரியாமல் இரண்டு முறை பழுதாகியிருக்கிறது.

கடல் உள்ளே வந்த பிறகு மயிலாப்பூரில் புதிதாக அமைந்த கடற்கரையில் பீடம் கட்டியாகிவிட்டது. வலது கையை உயர்த்தி எதிர்காலத்தைச் சுட்டுவதுபோல மாதிரியும் தயார். அப்போதுதான் தரமணியிலிருந்து பொறியாளர் நிலோபர் வந்தாள். வருமுனுக்குத் தினமும் தீனி போட்டு, அது சொல்வதை மனிதர்களுக்குப் புரியும்படி சொல்வது அவள் வேலை. முடிவை நேரில்தான் சொல்ல வேண்டும் என்பது விதி. அதிர்ச்சியில் ஒருவர் இறந்துபோன பிறகு வந்த விதி.

“முப்பத்தொண்ணு சார்,” என்றாள்.

“என்ன முப்பத்தொன்று?”

“இன்னும் முப்பத்தோரு வருஷம். அப்புறம் செருப்பு.”

மெய்கண்டநாதன் சிரித்தார். பிறகு தம் நூல்களில் ஏதோ ஒரு சொல் தவறாகப் புரிந்துகொள்ளப்பட்டிருக்கிறது என்றார். பெண்களைப் பற்றி ஐந்தாம் தொகுதியில் ஓரிடத்தில் சற்று அவசரப்பட்டுவிட்டதை ஒப்புக்கொண்டார். நிலோபர் இல்லையென்று தலையாட்டினாள். புத்தகத்தில் பிரச்சினை எதுவும் இல்லை. எதிர்காலமும் அதைப் படிக்கப்போவதில்லை. பிரச்சினை அடுப்படியில் இருந்தது. விண்ணப்பதாரரின் கடந்த இருபது வருட வீட்டுச்செவிப் பதிவுகள் வருமுனுக்குப் போகும் என்பது விண்ணப்பத்திலேயே இருந்த நிபந்தனை. அதில் பவுனு அகப்பட்டிருந்தாள்.

பவுனு என்கிற பவுனம்மாள் அந்த வீட்டில் சமைத்து, துவைத்து, பெருக்கி, மெய்கண்டநாதனின் மனைவி கோமளவல்லி அம்மாளுக்கு முழங்காலில் தைலம் தேய்த்து, தோட்டத்துக்குப் பின்னால் இருந்த அறையில் தங்கியிருந்தவள். அவள் பிறந்த குப்பம் இப்போது கடலுக்கடியில் இருந்தது. புருஷன் அதற்கு முன்னாலேயே போய்விட்டான். அந்தப் பின்னறைதான் அவள் முகவரி. முகவரி இருந்தால்தான் தண்ணீர் அட்டை. தண்ணீர் அட்டை இல்லாதவர்கள் சென்னையில் எப்படிக் குடித்தார்கள் என்பதைப் பற்றி அரசிடம் புள்ளிவிவரம் இல்லை.

“முழுநேரப் பணியாள், வளாகத்துக்குள்ளயே குடியிருப்பு, வேலை நேரம் எதுவும் கிடையாது,” என்று நிலோபர் விளக்கினாள். “முப்பது வருஷம் கழிச்சு இதுக்கு அடிமை முறைன்னு பேர் வைப்பாங்க. அதோட இன்னொண்ணும் இருக்கு. சமையலறை ஜன்னல்ல ஒரு தனி டம்ளர்.”

தேநீர்க் கடைகளின் இரட்டைக் குவளை முறையைக் கண்டித்து மெய்கண்டநாதன் ஏழாம் தொகுதியில் ஓர் அத்தியாயமே எழுதியிருந்தார். மாணவர்கள் அதைப் பேச்சுப் போட்டியில் ஒப்பித்துப் பரிசு வாங்கியிருக்கிறார்கள். அந்த அத்தியாயத்தை எழுதிய நாட்களில் அவருக்குக் காபி கொண்டுவந்தவள் பவுனு. கொடுத்துவிட்டுப் போய், ஜன்னல் திட்டிலிருந்த தன் டம்ளரை எடுத்து, கொல்லைப் படியில் உட்கார்ந்து குடிப்பாள்.

“நீங்கள் ஒன்றைப் புரிந்துகொள்ள வேண்டும்,” என்றார் அவர். “பவுனுவை நாங்கள் ஒருபோதும் வேலைக்காரியாக நடத்தியதில்லை. எங்கள் குடும்பத்தில் ஒருத்தியாகவே—”

“அந்த வாக்கியத்தை மட்டும் சொல்லாதீங்க சார். அதை நாலாயிரம் வருஷமா எல்லா எஜமானும் சொல்லியிருக்காங்க. வருமுன் அதைக் கேட்டாலே வருஷத்தைக் குறைச்சிடும்.”

அவர் வீட்டுச்செவி இருந்த சுவரைப் பார்த்துவிட்டு வாயை மூடிக்கொண்டார். பல்கலைக்கழகமே செய்ய முடியாமல்போன காரியம் அது.

அன்று முழுவதும் பேரம் நடந்தது. நிலோபர் மாற்றங்களைக் கொடுத்துப் பார்த்தாள். ஞாயிறு விடுமுறை கொடுத்தால் முப்பத்து மூன்று. சம்பளத்தை இரட்டிப்பாக்கினால் முப்பத்தெட்டு. டம்ளரை உள்ளே எடுத்து வைத்தால் அதற்கு ஒரே ஒரு வருடம். அதிலும், ஏன் இத்தனை நாள் வெளியே இருந்தது என்ற கேள்வி எழும் என்ற எச்சரிக்கை. மெய்கண்டநாதன் கடைசியில் தம் துறைக்குப் பொருத்தமான சொல்லைக் கண்டுபிடித்தார்.

“விடுதலை,” என்றார். “அவளை விடுதலை செய்துவிட்டால்?”

நிலோபர் போட்டுப் பார்த்தாள். தொண்ணூறுகளுக்குத் தாவியது. அவளுக்கே ஆச்சரியம். அவளாக ஒன்றைச் சேர்த்தாள். பின்னறையைப் பவுனம்மாள் பெயருக்கே எழுதிக் கொடுத்து, மாதாமாதம் ஓய்வூதியமும் கொடுத்தால்? தொண்ணூற்றாறு. அதை எல்லாம் எடுத்துவிட்டு, விழா எடுத்து, ஊரறிய விடுதலை செய்து, வெறும் கையோடு அனுப்பினால்? நூற்று நாற்பத்திரண்டு.

கன்னத்தில் அறை வாங்கியவள்போல நிலோபர் திரையைப் பார்த்தாள்.

“இதெப்படி?” என்று கேட்டது கோமளவல்லி அம்மாள். அதுவரை கதவோரம் நின்று கேட்டுக்கொண்டிருந்தவர்.

“மெஷின் நல்லது கெட்டது சொல்லாதும்மா. பின்னாடி வர்றவங்க எதை ஞாபகம் வெச்சுக்குவாங்கன்னு மட்டும் சொல்லும். அறையைக் கொடுத்தா, எதுக்குக் கொடுத்தாருன்னு ஒரு கேள்வி வரும். கேள்வி வந்தா பவுனம்மான்னு ஒரு ஆள் இருந்தாங்கன்னு தெரியும். அவங்க பக்கத்துக் கதை வரும். விழாவோட விட்டுட்டா, விடுதலை பண்ணவர் பேர் மட்டும்தான் நிக்கும். சரித்திரத்துல அப்படித்தானே நடந்திருக்கு? அடிமைகளை விட்டப்போ நஷ்டஈடு வாங்கினது முதலாளிங்கதான்.”

சொல்லிவிட்டு நிலோபர் மெய்கண்டநாதனிடம் கெஞ்சுகிற குரலில், தொண்ணூற்றாறு மோசமில்லை என்றாள். நாலு வருடம்தான் குறைகிறது. சிலை பொது இடத்தில் இல்லாமல் பல்கலைக்கழகத்துக்குள் இருக்கலாம், அதற்குச் சான்றிதழ் வேண்டாம். அவர் ஜன்னல் வழியாகக் கடலின் பக்கம் பார்த்தார். பீடம் கட்டியாகிவிட்டது. இது தம் சொந்த ஆசையல்ல, தமிழ் அறமரபின் மானம் நூறாண்டு நிற்பதா வேண்டாமா என்பதுதான் கேள்வி என்றார். அப்படிக் கேட்டுவிட்டால் பதில் சுலபமாகிவிடுகிறது.

பவுனுவைக் கூடத்துக்குக் கூப்பிட்டார்கள். நாற்காலியில் உட்காரச் சொன்னார்கள். அந்த வீட்டு நாற்காலிகளைத் துடைத்துத்தான் அவளுக்குப் பழக்கம். நுனியில் உட்கார்ந்தாள். மெய்கண்டநாதன் நின்றுகொண்டே மனித குலம் நடந்துவந்த பாதையைச் சொன்னார். ஒரு காலத்தில் சரியென்று தோன்றியது இன்னொரு காலத்தில் கொடுமையென்று தோன்றும் என்றார். உடன்கட்டை, குழந்தை மணம், சந்தையில் விற்ற மனிதர்கள் என்று வரிசையாக வந்து, அவள் பெருக்கிய தரையில் வந்து நின்றார். இந்த வீட்டில் இத்தனை ஆண்டுகள் ஒரு பெரும் அநீதி நடந்துவந்திருக்கிறது, அதை இன்றோடு முடிக்கப்போகிறோம் என்றார்.

பவுனு கோமளவல்லியைப் பார்த்தாள். அம்மாள் புடவைத் தலைப்பைப் பார்த்தார்.

“நான் இன்னா தப்பு பண்ணேன் ஐயா?”

“உன்னிடம் எந்தத் தவறும் இல்லை, பவுனு. தவறு முழுவதும் எங்களுடையது.”

“தப்பு உங்களுது. போறது நானா?”

அவர் சுதந்திரம் என்பது முதலில் அச்சத்தைத் தரும் என்று தொடங்கினார். பவுனு அவரை முடிக்க விடவில்லை. சம்பளம் குறைத்துக்கொள்ளுங்கள், வேலை வேண்டுமானால் இன்னும் பார்க்கிறேன், அந்த ரூம் மட்டும் இருக்கட்டும், தண்ணி அட்டை அதில்தான் இருக்கிறது என்றாள். வீட்டுச்செவியில் சின்னப் பச்சை விளக்கு எரிந்தது. அவள் சொன்ன ஒவ்வொரு சொல்லுக்கும் வருடங்கள் குறைந்துகொண்டிருப்பது அவருக்குத் தெரிந்தது. பேச்சை அவசரமாக முடித்துக்கொண்டார்.

விழா சிறப்பாக நடந்தது. அமைச்சர் வந்தார். வீட்டு அடிமைத்தனத்தை ஒழித்த முதல் தமிழர் என்று சொன்னார். அமைச்சர் வீட்டில் ஒன்பது பேர் வேலை பார்த்தார்கள். பவுனுவுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். அடையாளமாக அவள் ஒரு துடைப்பத்தை முறிக்க வேண்டும் என்பது ஏற்பாடு. தென்னந்துடைப்பம் வளைந்ததே தவிர முறியவில்லை. செயலாளர் ஓடிப்போய், பாதி அறுத்து வைத்த கம்புத் துடைப்பம் ஒன்றைக் கொண்டுவந்தார். அவள் முறித்தாள். எல்லோரும் எழுந்து நின்று கை தட்டினார்கள். விழா முடிந்த பிறகுதான், மேடையெங்கும் கொட்டிய பூவைப் பெருக்க யாரும் இல்லை என்பதும், இருந்த துடைப்பமும் உடைந்திருந்தது என்பதும் தெரிந்தது.

வீட்டுக்கு வந்ததும் கோமளவல்லி தயங்கித் தயங்கி, விருந்தாளிகள் குடித்த காபிக் கோப்பைகள் தொட்டியில் கிடக்கின்றன, கடைசியாக இன்றைக்கு மட்டும் என்றார். பவுனு பொன்னாடையை மடித்து வைத்துவிட்டுக் கழுவினாள். கிளம்பும்போது அம்மாள் ஜன்னல் திட்டிலிருந்த டம்ளரை ஒரு துணியில் சுற்றிக் கொண்டுவந்து கொடுத்தார்.

“ஞாபகமா வெச்சுக்கோ பவுனு. நல்ல எவர்சில்வர்.”

“வெச்சுக்கறேம்மா,” என்றாள் பவுனு. “வேற யாரும் இதுல குடிக்கவும் மாட்டாங்க இல்ல.”

கோமளவல்லிக்கு அன்றிரவு முழங்கால் வலித்தது. தைலம் அலமாரியில் எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியவில்லை.

சான்றிதழ் கொடுக்க நிலோபரே வந்தாள். நூற்று நாற்பத்திரண்டு. சிற்பி மாதிரியை மாற்றியிருந்தார்: கையை உயர்த்திய அறச்செம்மல், காலடியில் மண்டியிட்டு நன்றியோடு அண்ணாந்து பார்க்கும் ஒரு பெண், அவள் கையில் முறிந்த துடைப்பம். நிலோபர் அதை வெகுநேரம் பார்த்தாள். பவுனம்மா எங்கே என்று கேட்டாள். விடுதலை பெற்றவரைப் பின்தொடர்ந்து விசாரிப்பது அவருடைய சுதந்திரத்தில் தலையிடுவதாகும் என்றார் மெய்கண்டநாதன். சான்றிதழை ஆண்டுதோறும் புதுப்பிக்க வேண்டும், வீட்டுச்செவிப் பதிவுகள் தொடர்ந்து வரும், வீட்டுக்கு வருகிறவர்களோடு தனிப்பட்ட பிணைப்பு எதுவும் பதிவாகாமல் பார்த்துக்கொள்ளுங்கள் என்று விதியை வாசித்துவிட்டு அவள் போனாள். அதன்பின் அவள் அந்த வேலையில் நீடிக்கவில்லை என்று கேள்வி. அவள் இடத்தில் வந்தவன் யாரையும் எதையும் கேட்கவில்லை.

சுதந்திரம் வந்தாலும் பாத்திரம் சேரத்தான் செய்யும். ‘கண்ணியம்’ என்ற நிறுவனம் மணிக்கணக்கில் ஆள் அனுப்பியது. தினம் ஒரு முகம். வெளிர்நீலச் சீருடை, மார்பில் எண். பெயர் கேட்கக் கூடாது, சொல்லக் கூடாது. வந்த வீட்டுக்கு ஒரு வருடம் மறுபடி அனுப்ப மாட்டார்கள். வீட்டில் எதையும் வாங்கிச் சாப்பிடவோ குடிக்கவோ கூடாது. அது பழைய காலத்து எஜமான விசுவாசத்துக்கு வழிவகுக்கும். ராத்திரி பகல் என்று எந்த நேரமும் வந்தார்கள், நிறுவனம் அவர்களுக்கு எவ்வளவு கொடுத்தது என்று யாருக்கும் தெரியாது, எங்கே தூங்கினார்கள் என்றும் தெரியாது. வருமுன் இதில் ஒரு குறையும் காணவில்லை. பெயர் தெரியாதவர்களுக்குச் செய்ததைக் கேட்டு எந்த நூற்றாண்டும் சிலையை உடைத்ததில்லை.

சிலை திறந்து, கோடை வந்து, சான்றிதழ் முதல் முறையாகப் புதுப்பிக்கப்படவிருந்த வாரத்தில் ஒரு பகல். மணி அடித்தது. கோமளவல்லி கதவைத் திறந்தார். வெளிர்நீலச் சீருடை. எடுத்திருந்த மூக்குத்தியின் துளை. பாதியாக இளைத்த உடம்பு.

“வணக்கம் மேடம். நான் நானூத்திப் பன்னண்டு.”

கோமளவல்லியின் வாய் திறந்தது. சுவரில் பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அவர் வழிவிட்டு நின்றார்.

நானூற்றுப் பன்னிரண்டுக்கு எதையும் காட்ட வேண்டியிருக்கவில்லை. துடைப்பம் எங்கே, வாளி எங்கே, எந்த ஓடு ஆடும் என்று அவள் கைக்குத் தெரிந்திருந்தது. கூடத்தில் மெய்கண்டநாதன் ஓர் உரையைச் சொல்லிக்கொண்டிருக்க, வீட்டுச்செவி எழுதிக்கொண்டிருந்தது. விடுதலை பெற்ற மனிதரின் கண்களில் தெரியும் ஒளி என்ற இடத்தில் நிமிர்ந்தவர் அவளைப் பார்த்தார். பிறகு, அடுத்த பத்தி என்றார்.

அவள் பெருக்கி முடித்துச் சமையலறை வாசலில் நின்றாள். பின்னறை இருந்த இடத்தில் இப்போது தியான மண்டபம் இருந்தது ஜன்னல் வழியே தெரிந்தது. வெயிலில் மூன்று வீடு முடித்துவிட்டு வந்திருக்கிறாள். நிறுவனம் கொடுத்த தண்ணீர் பாட்டில் காலியாகி இடுப்பில் தொங்கியது.

“அம்மா,” என்றாள், மேடம் என்பதை மறந்து. “கொஞ்சம் தண்ணி.”

கோமளவல்லி யோசிக்கவே இல்லை. அலமாரியிலிருந்து ஒரு டம்ளரை எடுத்தார். வீட்டு டம்ளர், அவர்கள் குடிக்கிற டம்ளர். குழாயைத் திறந்து நிரப்பித் திரும்பினார். இத்தனை வருடத்தில் முதல் முறையாக அந்த வீட்டு டம்ளர் ஒன்று பவுனுவை நோக்கி நீண்டது. அவள் கையும் நீண்டது.

“கோமளா.”

கூடத்திலிருந்துதான். கோபம் இல்லாத குரல்; அவர் நல்ல மனிதர், யாரையும் அதட்டியதில்லை.

“பதிவாகும்,” என்றார்.

கோமளவல்லி டம்ளரோடு நின்றார். விரலில் ஈரம் இறங்கியது. பவுனுவின் கை இன்னும் இருந்தது. பிறகு அம்மாள், தண்ணீரைச் சிந்தாமல், ஜன்னல் திட்டில் பழைய டம்ளர் இருந்த இடத்தில் இப்போது வைத்திருந்த மணிபிளாண்ட் தொட்டியில் ஊற்றினார். செடிக்கு ஊற்றுவதை வருமுன் நல்ல கணக்கில் சேர்க்கும்.

பவுனு கையை இறக்கிச் சீருடையில் துடைத்துக்கொண்டாள். இன்னும் கால் மணி நேர வேலை பாக்கி இருந்தது. கூடத்து மேசைமேல் சிலையின் சிறிய மாதிரி தூசி படிந்து நின்றது. அதை எடுத்து, உயர்த்திய கையைத் துடைத்தாள், தலையைத் துடைத்தாள். காலடிக்கு வந்தபோது துணியைச் சுண்டுவிரலில் சுற்றி, மண்டியிட்டிருந்தவளின் முகத்தைத் துடைத்தாள். எவ்வளவு துடைத்தும் அந்த முகத்திலிருந்து நன்றி போகவில்லை.